காற்றை விற்கும் கம்பெனியின் கணக்கைப் படிப்பது எப்படி?

கேஸ் கம்பெனி என்றதும் பலருக்கும் சமையல் சிலிண்டர்தான் ஞாபகம் வருகிறது. நான் சொல்ல வருவது ஆக்ஸிஜன், நைட்ரஜன், ஆர்கான் விற்கிறவர்களைப் பற்றி. உலக அளவில் பெரியவை நான்கு: லிண்டே, ஏர் லிக்விட், ஏர் புராடக்ட்ஸ், அப்புறம் ஜப்பானின் நிப்பான் சான்சோ. ‘சான்சோ’ என்றால் ஜப்பானிய மொழியில் ஆக்ஸிஜன். டோக்கியோ பங்குச்சந்தையில் 4091 என்ற எண்ணில் இருக்கிறது, இந்தத் தொழிலைப் புரிந்துகொள்ள நல்ல உதாரணம், அதையே எடுத்துக்கொள்வோம்.

உடனே ஆண்டறிக்கையைத் திறக்க வேண்டாம். முதலில் ஒரு சிலிண்டரைப் பாருங்கள். ஜப்பானில் ஆக்ஸிஜன் சிலிண்டருக்குக் கறுப்பு நிறம்; நம் ஊரிலும் கறுப்புதான், மருத்துவ ஆக்ஸிஜன் என்றால் தோள் மட்டும் வெள்ளை. அங்கே வழக்கமான 47 லிட்டர் சிலிண்டரில், வெளிக்காற்றைப் போல ஏறத்தாழ 150 மடங்கு அழுத்தத்தில், 7 கன மீட்டர் ஆக்ஸிஜனை அடைக்கிறார்கள். அதன் எடை சுமார் 10 கிலோ. காலி சிலிண்டரின் எடையோ 50 கிலோ அளவுக்கு வரும். 10 கிலோ சரக்கைக் கொண்டுபோக 50 கிலோ இரும்பைச் சுமந்து, திரும்பும்போது அந்த இரும்பை வேறு வெறுமனே தூக்கிக்கொண்டு வரவேண்டும். இந்தக் கணக்கு மனதில் பதிந்துவிட்டால் மீதி எல்லாம் தானாகப் புரியும்: இந்தச் சரக்கு தூரம் தாங்காது. வாடிக்கையாளர் எங்கே இருக்கிறாரோ அங்கேயே நீங்களும் போய் உட்கார வேண்டும்.

அதனால் எந்த வாயு விற்கிறார்கள் என்று பார்ப்பதற்கு முன், அது வாடிக்கையாளரிடம் எப்படிப் போகிறது என்று பாருங்கள். சிலிண்டர் ஒரு வழி, வெல்டிங் பட்டறை, ஆய்வகம் மாதிரி சில்லறை ஆட்களுக்கு. இரண்டாவது டேங்கர். ஆக்ஸிஜனை மைனஸ் 183 டிகிரிக்குக் குளிர்வித்தால் திரவமாகிவிடும், ஒரு லிட்டர் திரவம் சுமார் 850 லிட்டர் வாயுவாக விரியும். பெரிய மருத்துவமனைகளின் பின்பக்கம் உயரமான வெள்ளை டேங்க் ஒன்று நிற்கும், பக்கத்தில் அலுமினியத் தகடுகள் வைத்த குழாய்கள், கொளுத்தும் வெயிலிலும் அவற்றின்மேல் பனி அப்பியிருக்கும். அந்தத் திரவம் வாயுவாக மாறும் இடம் அதுதான். மூன்றாவது குழாய்: எஃகு ஆலை, ரசாயன ஆலை, சிப் தொழிற்சாலைக்குப் பக்கத்திலேயே காற்றிலிருந்து வாயுக்களைப் பிரிக்கும் ஆலை ஒன்றைக் கட்டி நேராகக் குழாயில் அனுப்புவது. 15, 20 வருஷ ஒப்பந்தம், எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் குறைந்தபட்சத் தொகை உண்டு. நிலையான வருமானம் இங்கேதான் இருக்கிறது, என்னைக் கேட்டால் அறிக்கையில் முதலில் தேட வேண்டியதும் இதைத்தான்.

சரி, இப்போது எண்களுக்கு வரலாம். கச்சாப்பொருள் காற்று, அது இலவசம். 78 சதவீதம் நைட்ரஜன், 21 ஆக்ஸிஜன், ஒரு சதவீதத்துக்குக் கொஞ்சம் குறைவாக ஆர்கான். காசு போவது அதை அழுத்திக் குளிர்விக்கும் மின்சாரத்துக்கு. மின்கட்டணம் ஏறினால் பெரிய வாடிக்கையாளர்களிடமிருந்து அதை அப்படியே வசூலித்துவிடுவார்கள். இறங்கினால் விற்பனைத் தொகையும் கூடவே இறங்கும். ஆகவே விற்பனை குறைந்துவிட்டது என்று பதற வேண்டாம். ‘கோர் ஆபரேட்டிங் இன்கம்’ என்று ஒரு வரி இருக்கும் (ஒருமுறை மட்டும் வந்துபோகும் லாப நஷ்டங்களை விட்டுவிட்டு, வழக்கமான தொழிலில் கிடைத்த லாபம்), அதைப் பாருங்கள், யென் மதிப்பின் ஏற்ற இறக்கத்தைக் கழித்துப் பாருங்கள். அவர்களுக்கும் நிதியாண்டு மார்ச்சில்தான் முடிகிறது, அது ஒரு வசதி.

அறிக்கையில் ஜப்பான், அமெரிக்கா, ஐரோப்பா, ஆசியா-ஓசியானியா என்று பிரிவுகள் இருக்கும். ஏன் இப்படி என்று தெரிய வரலாறு வேண்டும். 1910-ல் இந்தக் கம்பெனியைத் தொடங்கியவர் யமகுச்சி தகேஹிகோ. ஐரோப்பிய இயந்திரங்களை இறக்குமதி செய்த வியாபாரி. பின்னாளில் அஸ்பில் என்று பெயர் மாறிய, தானியங்கிக் கட்டுப்பாட்டுக் கருவிகள் செய்யும் கம்பெனியும், பேரிங் செய்யும் என்எஸ்கே-யும் அவர் தொடங்கியவைதான். ஒரே ஆள் மூன்று பெரிய கம்பெனிகளுக்கு விதை போட்டிருக்கிறார் என்பது எனக்கு இன்னமும் வியப்பு. 2004-ல் தையோ தோயோ சான்சோ என்ற இன்னொரு கேஸ் கம்பெனியுடன் இணைந்து தையோ நிப்பான் சான்சோ ஆனது. 2014-ல் மிட்சுபிஷி கெமிக்கல் குழுமத்தின் கட்டுப்பாட்டுக்குள் வந்தது. பெரிய பாய்ச்சல் 2018-ல். லிண்டேயும் அமெரிக்க கேஸ் கம்பெனியான பிராக்ஸேரும் இணைய வேண்டுமானால் பிராக்ஸேரின் ஐரோப்பியத் தொழிலை விற்றாக வேண்டும் என்ற நிலை வந்தபோது, இவர்கள் சுமார் 500 கோடி யூரோ கொடுத்து அதை வாங்கினார்கள். தூரம் தாங்காத சரக்கு என்று சொன்னேன் அல்லவா? புது ஊருக்குப் போக வேண்டுமென்றால் அங்கே ஏற்கெனவே இருப்பவரை வாங்குவதுதான் வேகமான வழி. அதற்காகப் பெரிய கடன் ஏறியது. எனவே கடன் வரியையும் நற்பெயர் மதிப்பு (‘குட்வில்’, வாங்கிய தொழிலின் சொத்து மதிப்புக்கு மேல் கொடுத்த தொகை) வரியையும் தாண்டிப் போய்விடாதீர்கள். 2020 அக்டோபரில் மற்றக் கம்பெனிகளின் பங்குகளை வைத்திருந்து நிர்வகிக்கும் ஹோல்டிங் கம்பெனி அமைப்புக்கு மாறினார்கள், பெயர் நிப்பான் சான்சோ ஹோல்டிங்ஸ் ஆனது.

பிரிவுப் பட்டியலின் கடைசி வரியில் ‘தெர்மாஸ்’ என்று இருக்கும். ஆமாம், நம் வீட்டு பிளாஸ்க்கேதான். 1892-ல் ஜேம்ஸ் டூவர் என்ற விஞ்ஞானி இரட்டைச் சுவருக்கு நடுவே வெற்றிடம் வைத்த குடுவையைச் செய்தது காபிக்காக இல்லை, திரவ வாயுவை வைத்துக்கொள்ள. அதே திரவ வாயுவோடு பழகிய இந்தக் கம்பெனி 1978-ல் ஸ்டெயின்லெஸ் ஸ்டீலில் வெற்றிட பிளாஸ்க் செய்தது, 1989-ல் தெர்மாஸ் தொழிலையே வாங்கிவிட்டது. மொத்த விற்பனையில் சில சதவீதம்தான் இது. பேர் தெரிந்த பொருள் என்பதால் பலர் இங்கிருந்து படிக்கத் தொடங்குவார்கள். நீங்கள் குழாயையும் டேங்கரையும் சிலிண்டரையும் முடித்துவிட்டு, கடைசியாக இங்கே வாருங்கள்.