நிஜ மனிதருக்கு வசனம் எழுதாதீர்கள்

ஆவணமும் புனைவும் கலந்த குறும்படங்கள் ஐந்தாறின் ரஃப் கட்டை, அதாவது முதல்கட்டத் தொகுப்பை, அண்மையில் பார்த்தேன். எடுத்தவர்கள் எல்லோரும் புதியவர்கள், எல்லோர் பேச்சிலும் துருக்கி இயக்குநர் பெலின் எஸ்மரின் பெயர் அடிபட்டது. ஆனால் படங்களில் இருந்தவை நான் ஆரம்பத்தில் செய்த அதே தவறுகள். கேமரா ஆடுவது, ஒலி இரைவது எல்லாம் போகப்போகச் சரியாகிவிடும், அவற்றை விடுங்கள்.

அவர் வாயில் நம் வசனம்

இதை நினைத்தால் இன்றும் எரிச்சல் வருகிறது. கடிகாரம் பழுதுபார்க்கும் பெரியவர் ஒருவரை வைத்துப் படம் எடுத்தேன். சும்மா பேசப் போன நாட்களில், கண்ணில் லென்ஸை இடுக்கிக்கொண்டு பாதி வாக்கியம் சொல்வார், நிறுத்துவார், பல்சக்கரத்தின் மேல் ஊதுவார், அப்புறம்தான் மீதி வரும். அந்தப் பேச்சை நான் நான்கு பக்க வசனமாக எழுதிக் கொடுத்தேன். படப்பிடிப்பில் நிமிர்ந்து உட்கார்ந்து ஒப்பித்தார். கை மேசையில் அப்படியே கிடந்தது. இரண்டு நாள் போனது, ஒரு டேக்கும் தேறவில்லை. அதற்குப் பிறகு கேமரா இல்லாதபோதும், "தம்பி, இதைச் சொல்லலாமா?" என்று கேட்டுவிட்டுத்தான் பேசினார். எனக்குப் பெரிய நஷ்டம் அதுதான்.

எஸ்மர் 2002-ல் எடுத்த ஆவணப்படம், கண்டதையும் சேர்த்து வைக்கும் தன் உறவினர் மிதாத் எஸ்மரைப் பற்றியது. 2009-ல் ‘பதினொன்றுக்குப் பத்து’ என்று பொருள்படும் தலைப்பில் ஒரு கதைப்படம் எடுத்தார். அதிலும் மிதாத் மிதாத்தாகவே வருகிறார். புனைவு வெளியிலிருந்து வந்து அவரை நெருக்குகிறது. நிலநடுக்கத்துக்குப் பயந்து இஸ்தான்புல் அடுக்குமாடிக் குடியிருப்பை இடித்துக் கட்டப் பார்க்கிறார்கள் அண்டைவீட்டார். அப்படியானால் அவர் சேர்த்ததெல்லாம் எங்கே போகும்? காவலாளி அலி பாத்திரத்தைத் தொழில்முறை நடிகர் நெஜாத் இஷ்லெரிடம் கொடுத்தார்.

நெருக்கடியை எழுதுங்கள், அது போதும். பிற்பாடு அதே பெரியவரிடம், வாடிக்கையாளராக ஒரு நடிகரை அனுப்பினேன். வசனம் நடிகருக்கு மட்டும். உள்ளே துருப்பிடித்த கடிகாரத்தைக் கொடுத்து, சாயங்காலத்துக்குள் வேண்டும் என்று நச்சரிக்கச் சொன்னேன். பெரியவர் மூடியைத் திறந்தார், ஊதினார், மூடினார். "இதை இப்படியே வெச்சுக்கங்க, ஓட வெக்காதீங்க" என்றார். எத்தனை பக்கம் எழுதியிருந்தாலும் எனக்கு அந்த வரி வந்திருக்காது.

இருக்கும் நாடகத்தைப் பார்க்காமல் விடுவது

மெர்சின் மாகாணத்தில் அர்ஸ்லான்கோய் என்றொரு மலைக்கிராமம். அங்கே ஒன்பது பெண்கள் தங்கள் வாழ்க்கையையே நாடகமாக்கி மேடையேற்றினார்கள். எஸ்மரின் 2005 ஆவணப்படம் அதன் ஒத்திகைகளோடு கூடவே போகிறது. தன் வாழ்க்கையையே நடித்துக் காட்டும் பெண்ணுக்குப் புனைவை நாம் தனியாகச் சேர்க்க வேண்டுமா? 2019-ல் அவர்களிடமே திரும்பிப் போய் இன்னொரு படம் எடுத்தார். புதியவர்களோ ஒரே வாரத்தில் படப்பிடிப்பை முடித்துவிடுகிறார்கள்.

அனுமதி

ஆவணப்படத்துக்குத் தந்த சம்மதம் கதைப்படத்துக்குச் செல்லாது. மறுபடி கேளுங்கள்.

பின்னணி இசை

எடிட்டிங் முடியும்வரை வேண்டாம்.