சி டிரைவ் நிரம்பிவிட்டதா? கேம்களை அழிக்காமல் வேறு டிரைவுக்கு மாற்றுவது எப்படி

512 ஜிபி எஸ்எஸ்டி என்று சொல்லி விற்கப்படும் லேப்டாப்பைத் திறந்து பார்த்தால் விண்டோஸ் காட்டுவது சுமார் 476 ஜிபிதான். அதில் விண்டோஸும் மற்ற மென்பொருள்களும் ஒரு பங்கை எடுத்துக்கொள்ளும். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2, பால்டர்ஸ் கேட் 3 இரண்டும் தலா 150 ஜிபி கேட்பவை. ஸ்டார்ஃபீல்டு 125 ஜிபி. இரண்டு மூன்று கேம் ஏற்றியதுமே சி டிரைவின் பட்டை சிவப்பாகிவிடுகிறது.

பலரும் உடனே ஒரு கேமை அன்இன்ஸ்டால் செய்துவிடுகிறார்கள். ஆசை வரும்போது மறுபடி டவுன்லோடு. 100 ஜிபி கேமை 100 எம்பிபிஎஸ் இணைப்பில் இறக்க, வேகம் குறையாமல் வந்தாலே இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். அதே கேமை இன்னொரு டிரைவுக்கு நகர்த்தினால், அது சாதாரண ஹார்டு டிஸ்க்காக இருந்தாலும், கால் மணி நேரம் அல்லது அதைவிடச் சற்றுக் கூடுதலாக ஆகும், அவ்வளவுதான். மொபைல் ஹாட்ஸ்பாட்டை நம்பி விளையாடுபவர்களுக்கு இது எவ்வளவு பெரிய விஷயம் என்று சொல்லவே வேண்டாம்.

தொடங்கும் முன் ஒன்றை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்: கேம் ஃபோல்டரை நீங்களாகவே கட் செய்து வேறு டிரைவில் பேஸ்ட் செய்யாதீர்கள். கேம் எங்கே இருக்கிறது என்பதை லாஞ்சர் (ஸ்டீம், எபிக் போல, கேம்களை இறக்கித் திறந்து தரும் மென்பொருள்) தனியாகக் குறித்து வைத்திருக்கிறது. ஸ்டீமை எடுத்துக்கொள்வோம். அதன் ‘ஸ்டீம்ஆப்ஸ்’ ஃபோல்டருக்குள் ஒவ்வொரு கேமுக்கும் ‘ஆப்மேனிஃபெஸ்ட்’ என்று தொடங்கும் ஒரு சின்ன ஃபைல் இருக்கும். பெயரின் கடைசியில் அந்தக் கேமின் எண் வரும். கவுன்டர்-ஸ்ட்ரைக் 2 என்றால் 730, டோட்டா 2 என்றால் 570. நோட்பேடில் திறந்தால் கேமின் பெயர், அதன் ஃபோல்டர் பெயர், அளவு எல்லாம் சாதாரண எழுத்தில் தெரியும். கேம் ஃபோல்டரை மட்டும் நகர்த்திவிட்டு இந்தக் குறிப்பை அங்கேயே விட்டால், பிளே அழுத்தும்போது ஃபைல் காணவில்லை என்று வரும். இல்லாவிட்டால் முழுக் கேமையும் முதலிலிருந்து இறக்கத் தொடங்கிவிடும். அதனால் நகர்த்தும் வேலையை லாஞ்சரிடமே விடுவோம்.

முதலில் புதிய டிரைவைப் பாருங்கள்

டாஸ்க் மேனேஜரைத் திறந்து ‘பெர்ஃபார்மன்ஸ்’ பக்கத்துக்குப் போங்கள். ஒவ்வொரு டிஸ்க்கின் பெயருக்குக் கீழும் எஸ்எஸ்டியா ஹெச்டிடியா (அதாவது சாதாரண ஹார்டு டிஸ்க்கா) என்று எழுதியிருக்கும். அங்கே ஒரே டிஸ்க்தான் தெரிகிறது, ஆனால் சி, டி என்று இரண்டு எழுத்து இருக்கிறதா? அப்படியென்றால் ஒரே டிஸ்க்கை இரண்டாகப் பிரித்திருக்கிறார்கள். டி-க்கு மாற்றினால் சி-யில் இடம் கிடைக்கும். கேமின் வேகம் கூடவும் செய்யாது, குறையவும் செய்யாது.

அடுத்து, திஸ் பிசி-யில் அந்த டிரைவை ரைட் கிளிக் செய்து ‘ப்ராப்பர்ட்டீஸ்’ பாருங்கள். ஃபைல் சிஸ்டம் என்ற இடத்தில் என்டிஎஃப்எஸ் என்று இருக்க வேண்டும். கடையில் வாங்கும் வெளி டிரைவ்கள் பலவும் எக்ஸ்ஃபேட் முறையில் வருகின்றன. மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ் ஆப் அதை ஏற்காது. ஃபேட்32 என்றால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றை ஃபைலையே வைக்க முடியாது. இன்றைய கேம்களில் அப்படிப்பட்ட ஃபைல்கள் நிறைய. ஃபார்மட் செய்து மாற்றலாம், ஆனால் உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும். குடும்பப் படங்கள், கல்லூரி ப்ராஜெக்ட் ஏதாவது அதில் இருந்தால் முதலில் எடுத்து வைத்துவிடுங்கள்.

புதிதாக மாட்டிய டிரைவ் கண்ணிலேயே படவில்லை என்றால் பயப்பட வேண்டாம். விண்டோஸ் கீயுடன் எக்ஸ் அழுத்தி ‘டிஸ்க் மேனேஜ்மென்ட்’ திறங்கள். டிஸ்க்கின் பிரிவுகளைக் குறித்து வைக்க எந்த முறை என்று கேட்டால் ஜிபிடி-யைத் தேர்ந்து, கறுப்புப் பட்டை காட்டும் காலி இடத்தில் ரைட் கிளிக் செய்து, ‘நியூ சிம்பிள் வால்யூம்’ வழியாக என்டிஎஃப்எஸ் ஆக அமையுங்கள். வெளி டிரைவ் என்றால் இதே இடத்தில் அதற்கு ஜி போன்ற பின்வரிசை எழுத்து ஒன்றைக் கொடுத்துவிடுங்கள். நடுவில் ஒரு பென்டிரைவ் செருகினால்கூடச் சில நேரம் எழுத்து மாறிப்போகும். மாறினால் அந்த டிரைவில் வைத்த கேம்களே ஸ்டீமுக்குத் தெரியாது.

எதை மாற்றுவது?

டிரைவ் இருக்கிறது என்பதற்காக எல்லாவற்றையும் தள்ளிவிடாதீர்கள். ஸ்டார்ஃபீல்டு, பால்டர்ஸ் கேட் 3 போன்றவை குறைந்தபட்சத் தேவையிலேயே எஸ்எஸ்டி என்று எழுதியிருப்பவை. சைபர்பங்க் 2077-உம் 2.0 அப்டேட்டிலிருந்து அப்படித்தான். இவற்றை ஹார்டு டிஸ்க்கில் போட்டால், ஓடும்போது சுவரும் சாலையும் மங்கலாக நின்று பிறகுதான் தெளியும். சில இடங்களில் ஆட்டமே திக்கும். ஹார்டு டிஸ்க்குக்கு அனுப்ப ஏற்றவை பத்து வருடம் பழைய கேம்கள், இருபரிமாணக் கேம்கள், கதை முடித்துவிட்டு எப்போதாவது திறப்பவை. ஸ்டார்டியூ வேலி போன்ற சின்னக் கேமை மாற்றி ஒரு பயனும் இல்லை. அது எடுக்கும் இடமே கொஞ்சம்.

பென்டிரைவ், மெமரி கார்டு வேண்டவே வேண்டாம். சின்னச் சின்ன ஃபைல்களைத் தொடர்ந்து எழுதும் வேலைக்கு அவை தாங்காது.

ஸ்டீம்: முழு விளக்கம்

1. இடது மேல் மூலையில் ‘ஸ்டீம்’ அழுத்தி ‘செட்டிங்ஸ்’, அதில் ‘ஸ்டோரேஜ்’.
2. மேலே சி டிரைவின் பெயர் இருக்கும் பெட்டியைத் திறந்து ‘ஆட் டிரைவ்’ கொடுத்துப் புதிய டிரைவைத் தேர்ந்தெடுங்கள். ஸ்டீம் அங்கே ‘ஸ்டீம்லைப்ரரி’ என்ற ஃபோல்டரைத் தானே உருவாக்கும்.
3. மறுபடி சி டிரைவுக்கு வாருங்கள். கீழே கேம்கள் அளவோடு வரிசையாக நிற்கும். கடைசியாக எப்போது விளையாடினீர்கள் என்பதும் தெரியும். எதை அனுப்பலாம் என்று முடிவெடுக்க இந்தப் பட்டியலே போதும்.
4. வேண்டிய கேம்களை டிக் செய்து, கீழே தோன்றும் ‘மூவ்’ அழுத்துங்கள். எந்த டிரைவுக்கு என்று கேட்கும். தேர்ந்தெடுத்து உறுதி செய்யுங்கள்.

நகர்த்தும் வேலை ஓடிக்கொண்டிருக்கும்போது அந்தக் கேமைத் திறக்க வேண்டாம், யுஎஸ்பி கேபிளை அசைக்கவும் வேண்டாம். லேப்டாப் என்றால் சார்ஜரை மாட்டி, ஸ்லீப் ஆகாதபடி பவர் செட்டிங்கை மாற்றி வையுங்கள். வெளி டிரைவை யுஎஸ்பி 3.0 போர்ட்டில் செருகுங்கள். பழைய 2.0 போர்ட்டில் நொடிக்கு 35 எம்பி அளவில்தான் போகும் என்பதால், 100 ஜிபி கேமுக்கு முக்கால் மணி நேரத்துக்கு மேல் காத்திருக்க வேண்டும்.

முடிந்ததும் லைப்ரரியில் கேமை ரைட் கிளிக் செய்து ‘ப்ராப்பர்ட்டீஸ்’, ‘இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்’ போய், ‘வெரிஃபை’ ஒருமுறை கொடுங்கள். ஏதாவது ஃபைல் கெட்டிருந்தால் அதை மட்டும் இறக்கிச் சரிசெய்யும். அப்புறம் ஸ்டோரேஜ் பக்கத்தில் புதிய டிரைவின் மூன்று புள்ளியை அழுத்தி ‘மேக் டிஃபால்ட்’ கொடுத்துவிட்டால், இனி வாங்கும் கேம்கள் அங்கேயே இறங்கும்.

ஏற்கெனவே யாரோ கட்-பேஸ்ட் செய்து குழப்பி வைத்த கணினியா? அதற்கும் வழி உண்டு. கேம் ஃபோல்டரைப் புதிய ஸ்டீம்லைப்ரரிக்குள் ஸ்டீம்ஆப்ஸ், அதற்குள் காமன் என்ற ஃபோல்டரில் அதே பெயரில் வையுங்கள். ஸ்டீமில் அந்தக் கேமை அன்இன்ஸ்டால் செய்துவிட்டு, மறுபடி இன்ஸ்டால் கொடுத்துப் புதிய டிரைவைக் காட்டுங்கள். இருக்கும் ஃபைல்களைத் தானே கண்டுபிடித்து, குறைவதை மட்டும் இறக்கும்.

எபிக் கேம்ஸ்

லைப்ரரியில் கேமின் மூன்று புள்ளியை அழுத்தி ‘மேனேஜ்’ திறங்கள். ‘மூவ்’ வசதி அங்கே இருந்தால் அதையே பயன்படுத்துங்கள். இல்லாவிட்டால் சற்றுச் சுற்றி வர வேண்டும். கேம் ஃபோல்டரைப் புதிய டிரைவுக்கு காப்பி செய்து, பெயரின் பின்னால் பேக்கப் என்று சேருங்கள். பிறகு லாஞ்சரில் அன்இன்ஸ்டால். மறுபடி இன்ஸ்டால் கொடுத்து இடமாகப் புதிய டிரைவைக் காட்டுங்கள். ஓரிரு சதவீதம் இறங்கியதும் நிறுத்தி, லாஞ்சரை முழுவதுமாக மூடுங்கள். கீழே கடிகாரத்துக்குப் பக்கத்தில் ஒளிந்திருக்கும் ஐகானையும் எக்ஸிட் செய்ய வேண்டும். பேக்கப்பில் இருப்பதை எல்லாம் புதிதாக உருவான ஃபோல்டருக்குள் நகர்த்தி, ரீப்ளேஸ் கேட்டால் சரி என்று கொடுங்கள். லாஞ்சரைத் திறந்து ‘ரெஸ்யூம்’ அழுத்தினால் ஃபைல்களைச் சரிபார்த்துவிட்டு, மீதி ஏதாவது இருந்தால் மட்டும் இறக்கும்.

பேக்கப்பைப் புதிய டிரைவிலேயே வைக்கச் சொன்னதற்குக் காரணம் உண்டு. ஒரே டிரைவுக்குள் நகர்த்தும்போது ஃபைல் இடம் மாறுவதில்லை, பட்டியலில் அதன் பாதை மட்டுமே மாறுகிறது. 100 ஜிபியும் நொடியில் முடிந்துவிடும்.

மற்றவை

எக்ஸ்பாக்ஸ் ஆப்பில் கேமின் மூன்று புள்ளி, ‘மேனேஜ்’, ‘ஃபைல்ஸ்’ வழியாகப் போனால் டிரைவை மாற்றும் பட்டன் இருக்கும். விண்டோஸ் செட்டிங்ஸில் இன்ஸ்டால்டு ஆப்ஸ் பட்டியலிலும் ‘மூவ்’ கிடைக்கும். இந்தக் கேம்களைக் கையால் காப்பி செய்யும் முயற்சியே வேண்டாம். விண்டோஸ் பூட்டி வைத்திருக்கும். யூபிசாஃப்ட் கனெக்டில் ஃபோல்டரை நகர்த்திவிட்டு, கேம் பக்கத்தில் ‘லொகேட் இன்ஸ்டால்டு கேம்’ கொடுத்து இடத்தைக் காட்டினால் போதும்.

சேவ் ஃபைல்கள் போய்விடுமா?

பெரும்பாலும் போகாது. அவை கேம் ஃபோல்டரில் இருப்பதில்லை. டாக்குமென்ட்ஸ், சேவ்டு கேம்ஸ், மறைந்திருக்கும் ஆப்டேட்டா ஆகியவற்றில் ஒன்றில் இருக்கும். மைன்கிராஃப்ட் ஜாவா எடிஷனில் நீங்கள் கட்டிய உலகங்கள் எல்லாம் ஆப்டேட்டாவில் ரோமிங் என்ற ஃபோல்டருக்குள்தான் இருக்கின்றன. ஆனால் பழைய கேம்கள் சில, சேவ் ஃபைலைக் கேம் ஃபோல்டருக்குள்ளேயே எழுதும். எபிக் முறைப்படி அன்இன்ஸ்டால் செய்யும் படி வந்தால், அதற்கு முன் சேவ் ஃபைல் எங்கே என்று கண்டுபிடித்துத் தனியாக ஒரு காப்பி எடுத்துவிடுங்கள். பல மாதம் ஆடிச் சேர்த்ததை ஐந்து நிமிடச் சோம்பலுக்காக இழக்கக் கூடாது.

மாற்றிய பின்

டெஸ்க்டாப்பில் நேராகக் கேமின் எக்ஸிஇ-யை (கேமைத் திறக்கும் ஃபைலை) காட்டும் ஷார்ட்கட் இருந்தால் அது வேலை செய்யாது. அழித்துவிட்டுப் புதிதாக உருவாக்குங்கள். ஃபயர்வால் மறுபடி அனுமதி கேட்டால் கொடுங்கள். கேமின் பாதை மாறியதால் அதைப் புதியதாக நினைக்கிறது.

லேப்டாப்பில் இரண்டு கிராஃபிக்ஸ் சிப் இருப்பவர்கள் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். விண்டோஸ் செட்டிங்ஸில் டிஸ்ப்ளே, கிராஃபிக்ஸ் பக்கத்தில் இந்தக் கேமுக்கு ‘ஹை பெர்ஃபார்மன்ஸ்’ என்று முன்பு நீங்களே தேர்ந்தெடுத்திருந்தால், அந்தத் தேர்வு பழைய பாதைக்கு உரியது. டிரைவ் மாற்றிய பிறகு கேம் திடீரென்று மெதுவானால் புதிய டிரைவைக் குறை சொல்லும் முன் இந்தப் பக்கத்தைத் திறந்து, புதிய இடத்தில் உள்ள எக்ஸிஇ-யைச் சேர்த்து மறுபடி தேர்ந்தெடுங்கள்.