கொல்போஸ்கொப்பிக் கடிதத்தோடு ஊருக்குப் போகிறவர்களுக்கு

இந்தக் கடிதம் பெரும்பாலும் ரிக்கெற் எடுத்த பிறகுதான் வந்து சேரும். கருப்பைக் கழுத்துப் புற்றுநோயை உண்டாக்கக்கூடிய எச்.பி.வி. கிருமி இருக்கிறது, கருப்பைக் கழுத்துக் கலங்களில் மாற்றம் தெரிகிறது, கொல்போஸ்கொப்பி என்ற பரிசோதனைக்கு வாருங்கள் என்று லண்டன் ஆஸ்பத்திரி ஒரு திகதி போட்டிருக்கும். அந்தத் திகதியில் நீங்கள் நல்லூர் வீதியில் நிற்பீர்கள். உடனே ஒருவர் சொல்லுவார்: "ஊரில காசைக் கட்டினா நாளைக்கே செய்துவிடுவினம்." பொய்யில்லை, செய்துவிடுவார்கள். செய்ததற்கான சான்றை அந்தக் கட்டடத்துக்கு வெளியே கொண்டுவருவதுதான் பெரும்பாடு.

முதலில், காத்திருக்கலாமா என்று பாருங்கள். இங்கிலாந்தில் மாற்றம் சிறியதென்றால் 6 வாரத்துக்குள், பெரியதென்றால் 2 வாரத்துக்குள் கொல்போஸ்கொப்பி என்பது கணக்கு. புற்றுநோய்க்கு முந்திய இந்த மாற்றத்தை சி.ஐ.என். என்று 1 முதல் 3 வரை தரம் போடுவார்கள். சிறிய மாற்றம், அதாவது சி.ஐ.என். 1, பெரும்பாலும் தானாகவே மறைந்துவிடும். சி.ஐ.என். 3 அப்படியில்லை, சிகிச்சையே இல்லாமல் விட்டால் 30 ஆண்டுகளில் நூற்றுக்கு ஏறத்தாழ 30 பேருக்குப் புற்றுநோயாக மாறும். அதுவும் ஆண்டுக்கணக்கில் நடக்கும் விடயம், வாரக்கணக்கில் அல்ல. ஆகவே சிறிய மாற்றமென்றால் கிளினிக்குக்குத் தொலைபேசி எடுத்துத் திகதியை மாற்றிவிட்டு நிம்மதியாகப் போய்வாருங்கள். பெரிய மாற்றமென்றாலோ, சுரப்பிக் கலங்களில் மாற்றம் என்று எழுதியிருந்தாலோ, பயணத்தை மாற்றுங்கள். உடலுறவுக்குப் பின் இரத்தம், மாதவிலக்கு நின்றபின் இரத்தம் என்று இருந்தால் எதற்காகவும் காத்திருக்க வேண்டாம். எந்த நாட்டில் இருக்கிறீர்களோ அங்கேயே காட்டுங்கள்.

ஊரிலோ கொழும்பிலோதான் செய்வது என்று முடிவெடுத்தால், என்ன செய்வார்கள் என்று தெரிந்துகொண்டு போங்கள். கொல்போஸ்கொப்பி என்பது உருப்பெருக்கியால் கருப்பைக் கழுத்தைப் பார்ப்பது. கருவி உடலுக்குள் போகாது, வெளியில்தான் நிற்கும். 3 முதல் 5 வீத அசற்றிக் அமிலத்தைப் பஞ்சில் நனைத்து வைத்து ஒரு நிமிடமாவது பொறுக்க வேண்டும். மாறிய கலங்கள் வெள்ளையாகத் தெரியும். பிறகு அயடீன் பூசுவார்கள். சாதாரணத் தோல் கடும் மண்ணிறமாகும், மாறிய இடம் மஞ்சளாகவே நிற்கும். சந்தேகமான இடங்களில் சில மில்லிமீற்றர் அளவில் கிள்ளி எடுப்பது பயொப்சி. ஒன்றுக்கு இரண்டு துண்டு எடுப்பது நல்லது, ஒரே துண்டில் மோசமான இடம் தவறிப் போகலாம். அமிலத்தை வைத்த கையோடு எட்டிப் பார்த்துவிட்டு "ஒன்றுமில்லை" என்பவரிடம், இன்னும் ஒரு நிமிடம் பொறுத்துப் பாருங்கள் என்று தயங்காமல் கேளுங்கள்.

சிகிச்சை இரண்டு வகை. ஒன்று அழிப்பது, மற்றது வெட்டி எடுப்பது. குளிரூட்டி அழிப்பதில் 3 நிமிடம் உறையவைத்து, 5 நிமிடம் விட்டு, மறுபடி 3 நிமிடம் உறையவைப்பார்கள். சூட்டால் அழிப்பதில் 100 பாகை அளவு சூடான முனையை 20 முதல் 30 விநாடிவரை வைப்பார்கள். இரண்டும் மலிவு, விரைவு, தகுந்த இடத்தில் நல்ல சிகிச்சைதான். ஆனால் மாற்றம் முழுவதும் கண்ணுக்குத் தெரிய வேண்டும், கழுத்தின் உட்குழாய்க்குள் போயிருக்கக்கூடாது, புற்றுநோய்ச் சந்தேகம் இருக்கவே கூடாது. பயணிக்கு இன்னொரு சிக்கலும் உண்டு: அழித்த இடத்திலிருந்து ஆய்வுகூடத்துக்கு அனுப்ப எதுவும் மிஞ்சாது. முன்கூட்டியே பயொப்சி முடிவு கையில் இல்லாமல் இதற்குச் சம்மதிக்காதீர்கள்.

வெட்டி எடுப்பதில் வழக்கமானது லெட்ஸ். லீப் என்றும் எழுதுவார்கள். கருப்பைக் கழுத்தில் விறைப்பு ஊசி போட்டு, மின்சாரம் பாயும் மெல்லிய கம்பி வளையத்தால் மாறிய பகுதியை வழித்து எடுப்பது. வேலை 10, 15 நிமிடம். மாற்றம் வெளிப்புறத்தில் மட்டும் இருந்தால் 7 முதல் 10 மில்லிமீற்றர் ஆழம் போதும். 10 மில்லிமீற்றரைத் தாண்டினால் பின்னர் கர்ப்பத்தில் குறைமாதப் பிரசவத்துக்கான வாய்ப்புக் கூடும். இன்னும் பிள்ளை வேண்டுமென்றால் அதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள். வெட்டுவது ஒரே துண்டாக இருக்க வேண்டும், 12 மணி முனையில் நூல் போட்டு அடையாளமிட்டிருக்க வேண்டும். நாலைந்து துண்டாக வந்தால் ஓரங்கள் சுத்தமா என்று எவராலும் சொல்ல முடியாது. சுரப்பிக் கலங்களில் மாற்றமென்றால் இன்னும் ஆழமாக, கூம்பு வடிவில் எடுக்க வேண்டிவரும். அதை விடுமுறையில் செய்ய வேண்டாம். கர்ப்பமாக இருந்தால் கொல்போஸ்கொப்பி பார்க்கலாம், சிகிச்சையை வழக்கமாகப் பிரசவத்துக்குப் பிறகு வைப்பார்கள்.

இனிக் கந்தோர் கதை. நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வெட்டிய திசு, அழுகாமல் காக்கும் போர்மலின் திரவத்தில் போய், மெழுகுக் கட்டியாகி, அதிலிருந்து சீவிய மெல்லிய தாள் கண்ணாடி ஸ்லைட்டில் ஏறும். நீங்கள் திரும்பிப் போனதும் உங்கள் ஆஸ்பத்திரி கேட்பது அறிக்கையை மட்டுமல்ல. அந்த ஸ்லைட்டையும் கட்டியையும் தங்கள் நோயியல் வைத்தியரே பார்க்க வேண்டும் என்பார்கள். கிடைக்காவிட்டால் எல்லாம் முதலிலிருந்து தொடங்கலாம். ஏற்கனவே வெட்டிய கழுத்தில் மறுபடி தேடுவது எவருக்கும் நல்லதல்ல.

பிழை தொடங்குவது பதிவு மேசையில். கடவுச்சீட்டில் ஒரு பெயர்; மேசையில் இருப்பவர் எழுதுவது திருமதி, ஒரு முன்னெழுத்து, புருஷன் பெயர். பிறந்த திகதி கேட்பதில்லை, வயது மட்டும். அதைப் பார்த்துத் தாதி போத்தலில் இன்னொரு எழுத்துக்கூட்டலில் எழுதுவார். ஆய்வுகூடம் வேறு கட்டடத்தில், சில வேளை வேறு நிறுவனமாகவே இருக்கும். அங்கே மூன்றாவது முறை பெயர் மாறும். ஊரில் இதை ஒருவரும் பொருட்படுத்தமாட்டார்கள், எல்லாரும் எல்லாரையும் அறிந்த இடம். லண்டன் ஆய்வுகூடமோ பெயரும் பிறந்த திகதியும் ஒத்துவராத ஸ்லைட்டைத் தொடாது. அதில் அவர்கள் பக்கம்தான் நியாயம், ஆத்திரம் வந்தாலும்.

ஆகவே பதிவு மேசையில் வாயால் பெயர் சொல்லாதீர்கள். கடவுச்சீட்டை நீட்டி, அதைப் பார்த்தே எழுதச் சொல்லுங்கள், பிறந்த திகதியையும் சேர்த்து. போத்தலின் ஒட்டுச்சீட்டைக் கைத்தொலைபேசியில் படமெடுங்கள். எந்த ஆய்வுகூடத்துக்குப் போகிறது, அங்கே கொடுக்கும் இலக்கம் என்ன என்று அன்றே கேளுங்கள். அறிக்கையில் கையெழுத்து விழுந்தபின் ஓர் எழுத்தை மாற்றவும் அதே நோயியல் வைத்தியர் வர வேண்டும். அவர் இன்று வரமாட்டார். கட்டியை வெளியே விட சத்திரசிகிச்சை வைத்தியரின் கடிதம் கேட்பார்கள். அவரைப் பிடிக்க மறுபடி சனல் பண்ண, அதாவது காசு கட்டி நேரம் எடுக்க, வேண்டும், கடிதத்துக்காக மட்டும் ஒரு கட்டணம். கடிதத்தோடு போனால் பொறுப்பானவர் சாப்பாட்டுக்குப் போயிருப்பார், அடுத்த நாள் போயா விடுமுறை. அங்கே சத்தம் போட்டுப் பயனில்லை. "வெளிநாட்டுக்காரர்" என்ற பட்டம் விழுந்ததும் கோப்பு அடியில் போய்விடும்.

இதைச் சுருக்கும் வழி ஒன்றுதான்: புறப்படுமுன் உங்கள் கிளினிக்கிடம் கடிதத்தாளில் கோரிக்கை வாங்குங்கள். எந்த நோயியல் பிரிவுக்கு, எந்த முகவரிக்கு, என்னென்ன வேண்டும் என்று அதில் இருக்க வேண்டும். நோயாளிக்குத் தர யோசிக்கிற ஆய்வுகூடமும் இன்னொரு ஆஸ்பத்திரி கேட்டால் பெரும்பாலும் இறங்கிவரும். கேட்க வேண்டியது நிறமூட்டிய ஸ்லைட்டுகள், மாற்றம் உள்ள மெழுகுக் கட்டி, கட்டியைத் தர மறுத்தால் நிறமூட்டாத ஸ்லைட்டுகள் ஒரு பத்து. அறிக்கையில் துண்டுகளின் எண்ணிக்கை, அளவு, சி.ஐ.என். தரம், உள் ஓரம், வெளி ஓரம், ஆழ ஓரம் தனித்தனியாக இருக்கிறதா என்று வாங்கும் இடத்திலேயே பாருங்கள். கட்டியின் இலக்கமும் அறிக்கையின் இலக்கமும் ஒன்றாக இருக்க வேண்டும். சென்னை, திருச்சி பக்கம் போய்ச் செய்பவர்களுக்கு ஒரு பிடி உண்டு: இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002ஆம் ஆண்டு விதிகளின்படி, நோயாளி கேட்டால் மருத்துவப் பதிவுகளை 72 மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டும். எழுத்தில் கேட்டு, வாங்கியதற்கு ஒப்பம் எடுங்கள்.

ஸ்லைட்டும் கட்டியும் கைப்பையில்தான். பிளாஸ்ரிக் ஸ்லைட் பெட்டி கேட்டு வாங்குங்கள். மெழுகு 60 பாகைக்குள் உருகும், வெயிலில் பூட்டிய வான் வண்டிக்குள் விட்டுவிட்டுச் சாப்பிடப் போகாதீர்கள். போர்மலினில் மிதக்கும் துண்டை எவர் தந்தாலும் விமானத்துக்குக் கொண்டுபோக வேண்டாம்.

கந்தோருக்கு அடுத்தது வீடு. "பிள்ளையளும் வளந்திட்டுதுகள், இனி என்னத்துக்கு அது? எடுத்துப்போட்டு நிம்மதியா இரன்" என்று பெரியம்மா சொல்லுவா. அன்பில்தான் சொல்லுகிறா, நீங்கள் தூரத்தில் தனியே கிடந்து நோகக்கூடாது என்று. அதைக் கேட்டுத் தலையாட்டும் வைத்தியரும் கிடைப்பார். சி.ஐ.என்.னுக்குக் கருப்பையை எடுப்பது முதல் சிகிச்சை அல்ல. பயொப்சி தெளிவாக வருமுன் எடுத்து, உள்ளே புற்றுநோய் இருந்தது பிறகு தெரிந்தால், செய்த சத்திரசிகிச்சை போதாமல் போகும். அடுத்த சிகிச்சை கடினமாகும். எடுத்தபின்னும் யோனியின் மேற்பகுதியில் மாற்றம் வரலாம், பரிசோதனை தொடரும். பெரியம்மாவோடு வாதாட வேண்டாம். "அங்கத்தைய டொக்டர் வேண்டாமெண்டிட்டார்" என்றால் முடிந்தது.

லெட்ஸ் செய்தபின் 4 வாரம்வரை இரத்தமும் நீரும் போகலாம். அந்த 4 வாரமும் உடலுறவு, ரம்பன், நீச்சல், கீரிமலைக் கேணி எல்லாம் நிறுத்தம். ஆறும் பொருக்கு உதிரும் இரண்டாவது வாரத்தில் திடீரென்று இரத்தம் கூடக்கூடும். அந்த நேரம் விமானத்தில் இருக்கக்கூடாது. ஆகவே இதைப் பயணத்தின் தொடக்கத்தில் செய்யுங்கள், முடிவில் அல்ல. மணிக்கொரு பாட் நனைந்தால், காய்ச்சல், நாற்றம் என்றால் ஆஸ்பத்திரி. கோயிலுக்குப் போகலாமா என்று வீட்டில் கேள்வி வரும். பதிலை முன்கூட்டியே யோசித்துக்கொண்டு போங்கள். பயணக் காப்புறுதி பெரும்பாலும் ஏற்கனவே தெரிந்த நோய்க்குப் பணம் தராது.

திரும்பிய பிறகு இங்கிலாந்து வழக்கப்படி 6 மாதத்தில் மறுபடி எச்.பி.வி. பரிசோதனை. ஓரம் சுத்தமில்லை என்று அறிக்கை சொன்னால் உடனே வெட்ட வேண்டும் என்றில்லை; வயது, மாற்றத்தின் தரம், எந்த ஓரம் என்பதைப் பார்த்து உங்கள் கிளினிக் முடிவெடுக்கும்.

உங்களுக்குக் கடிதம் வீடு தேடி வருகிறது. அங்கேயே நின்றுவிட்ட தங்கச்சிக்கும் மச்சாளுக்கும் வருவதில்லை. இலங்கையில் 1996 முதல் வெல் வுமன் கிளினிக்குகள் இருக்கின்றன, 35 வயதிலும் 45 வயதிலும் கருப்பைக் கழுத்தை இலவசமாகப் பார்க்கிறார்கள், எம்.ஓ.எச். (சுகாதார வைத்திய அதிகாரி) கந்தோரில் அல்லது குடும்பநல உத்தியோகத்தரிடம் நாள் கேட்கலாம். நீங்கள் நிற்கும்போது ஒருத்தியையாவது கூட்டிக்கொண்டு போங்கள். மாதவிலக்கு இல்லாத நாளாக இருக்கட்டும், அதற்கு முந்திய இரண்டு நாளும் உள்ளே கிறீம், மாத்திரை எதுவும் வைக்க வேண்டாம். முடிவு வருமுன் நீங்கள் திரும்பியிருப்பீர்கள். அதைப் போய் எடுக்கப்போவது யார் என்று புறப்படுமுன் பேசிவையுங்கள்.