தனியாக வெளிநாடு போகும் கதையைக் குறைந்த செலவில் படமாக்குவது எப்படி? சேலத்திலிருந்து ஒரு செய்முறை

தனியாக வெளிநாடு போகும் ஒருவரைப் பற்றிப் படம் எடுக்க ஆசைப்படுகிறவர்கள் பெரும்பாலும் விமான டிக்கெட்டின் விலையைப் பார்ப்பதில்தான் தொடங்குகிறார்கள். நான் வேறு வரிசையைச் சொல்வேன். முதலில் ஊரை எடுங்கள். எந்தச் சத்தத்தை, எந்தச் சாப்பாட்டை, யாருடைய அதட்டலை விட்டுவிட்டு ஒருவர் கிளம்புகிறார் என்று தெரிந்தால்தான், அயல்நாட்டுத் தெருவில் அவர் தனியாக நிற்பது பார்ப்பவருக்கு உறைக்கும். அது தெரியாவிட்டால் திரையில் ஓடுவது வெறும் சுற்றுலாக் காட்சி.

கைபேசியோ சிறிய கேமராவோ வைத்துக்கொண்டு, இரண்டு மூன்று பேராகச் சேர்ந்து 25 நிமிடப் படம் எடுக்க நினைப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். எடுத்துக்காட்டுக்கு ஒரு கதையை வைத்துக்கொள்வோம். சேலம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசுப் பட்டறையில் வேலை பார்க்கும் ஒரு பெண், முதல் முறையாகத் தன்னந்தனியே மலேசியாவின் பினாங்குக்குப் போகிறாள்.

படி 1: கதை ஒரு பக்கத்துக்குள் அடங்கட்டும்

அவள் பார்க்கப்போகும் இடங்களின் பட்டியல் கதை ஆகாது. ஏன் போகிறாள், வீட்டில் என்ன காரணம் சொல்கிறாள், அங்கே போன பிறகு யாருடைய அழைப்பை எடுக்காமல் விடுகிறாள் என்பவற்றை எழுதுங்கள். மலேசிய நேரம் நம்முடையதைவிட இரண்டரை மணி நேரம் முன்னால் ஓடுகிறது. இரவுச் சாப்பாட்டை முடித்துவிட்டு ஒன்பதரைக்கு அம்மா அழைத்தால் அங்கே நள்ளிரவு. அந்த இடைவெளியிலேயே ஒரு காட்சி இருக்கிறது. இப்படிப்பட்ட காட்சிக்குப் பணமே தேவையில்லை.

படி 2: சேலத்துப் பகுதியை முழுதாக எடுத்து முடியுங்கள்

மொத்தப் படத்தில் மூன்றில் ஒரு பங்காவது ஊராக இருக்க வேண்டும் என்பது என் கருத்து. பட்டறைக்குப் படப்பிடிப்புக்கு ஒரு வாரம் முன்பே போய், கேமராவை வெளியே எடுக்காமல் உட்கார்ந்து பாருங்கள். கம்பி இழுபடுவது, கண்ணிகள் கோக்கப்படுவது, பற்றவைக்கும் தீ, மெருகேற்றிய பிறகு கொலுசு எழுப்பும் சத்தம் என ஒவ்வொன்றும் தனித்தனிக் காட்சியாகக் கிடைக்கும். விரல்களுக்கு மிக அருகில் கேமராவை வையுங்கள். பின்னால் பினாங்கில் அதே விரல்கள் வேலையின்றி மேசைமீது கிடக்கும்போது வசனம் தேவைப்படாது. வெள்ளி விலையுயர்ந்த சரக்கு என்பதால், எதைப் படம் எடுக்கலாம், எதை எடுக்கக் கூடாது என்று முதலாளியிடம் கேட்டுத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். சரக்கு அடுக்கியிருக்கும் இடமும் பெட்டகமும் சட்டகத்துக்குள் (ஃபிரேம்) வரவே கூடாது.

போவதற்கு முந்தைய நாள் அவளை ஏற்காட்டுக்கு அனுப்புங்கள். 20 கொண்டை ஊசி வளைவுகளில் பஸ் ஏறும்போது ஜன்னலோர முகம் ஒன்றே போதும். மாலையில் லேடீஸ் சீட் என்ற காட்சிமுனையிலிருந்து பார்த்தால் கீழே சேலத்தின் விளக்குகள் தெரியும். தன் ஊரை அவள் முதல் தடவையாக வெளியிலிருந்து பார்க்கும் இடம் அது. சனி, ஞாயிறுகளிலும் மே மாதக் கோடை விழாவின்போதும் அங்கே கூட்டம் நெருக்கும். வார நாளில் போங்கள்.

மூடுபனியில் கேமராவைத் தானியங்கி முறையில் விடாதீர்கள். வெண்மையைக் கண்டதும் அது வெளிச்சத்தைக் குறைத்து, பனியை அழுக்குச் சாம்பல் நிறமாக்கிவிடும். வெளிச்ச அளவைச் சற்று உயர்த்திப் பூட்டிவிடுங்கள். காப்பித் தோட்டங்கள் தனியார் சொத்து, உரிமையாளரின் அனுமதி வேண்டும். காப்புக்காட்டுக்குள் என்றால் வனத்துறையின் எழுத்துப்பூர்வ அனுமதி வேண்டும்.

படி 3: வெளிநாட்டு அறையைச் சேலத்திலேயே அமையுங்கள்

1930-களிலேயே டி.ஆர்.சுந்தரத்தின் மாடர்ன் தியேட்டர்ஸ் படப்பிடிப்பு நிலையம் அரண்மனைகளையும் தெருக்களையும் சேலத்துக்குள் கட்டிக் காட்டத் தொடங்கியது. ஏற்காடு சாலையில் அதன் நுழைவாயில் வளைவு இன்றும் நிற்கிறது. அதே வழியை நாமும் சிறிய அளவில் பின்பற்றலாம். பினாங்கு விடுதி அறைக்குள் நடப்பதையெல்லாம் இங்கே ஒரு வாடகை அறையில் எடுத்துவிட்டால், வெளிநாட்டில் தங்கும் நாட்கள் பாதியாகக் குறையும்.

காட்டிக்கொடுப்பவை சின்னப் பொருள்கள்தாம். மலேசியாவில் மின் செருகிகளுக்குச் செவ்வக வடிவில் மூன்று முனைகள். நம் வட்டத் துளைகள் சட்டகத்தில் தெரிந்தால் ஏமாற்று உடைந்துவிடும். ஜன்னலை மெல்லிய வெள்ளைத் திரையால் மூடி, வெளிச்சம் மட்டும் உள்ளே வரும்படி விடுங்கள்.

படி 4: தாள்களும் அனுமதிகளும்

சுற்றுலாவாகப் போகும் இந்தியர்களுக்கு மலேசியா 2023 டிசம்பர் முதல் 30 நாள் விசா விலக்கு அளித்துவருகிறது. டிக்கெட் வாங்கும் நாளில் விதி எப்படி இருக்கிறது என்று மலேசியக் குடிநுழைவுத் துறையின் இணையப் பக்கத்தில் பாருங்கள். ஆனால் அந்த விலக்கு படப்பிடிப்புக்கான அனுமதி ஆகாது. வெளிநாட்டுப் படக்குழுவினர் புஸ்பால் என்ற அரசு அமைப்பிடம் அனுமதி பெற வேண்டும். உள்ளூர்த் தயாரிப்பு நிறுவனம் ஒன்றை மாதக்கணக்கில் முன்னதாகவே அணுகிவிடுங்கள். இதில் குறுக்குவழியை நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன். திருட்டுத்தனமாக எடுத்த படம் பின்னால் எங்கே போனாலும் உங்களைப் பயமுறுத்திக்கொண்டே இருக்கும்.

விலையுயர்ந்த கேமராவோ லென்ஸோ கொண்டுபோனால், புறப்படும் விமான நிலையத்தில் சுங்க அதிகாரியிடம் ஏற்றுமதிச் சான்று வாங்கிக்கொள்ளுங்கள். திரும்பி வரும்போது, அங்கே வாங்கியது என்று தீர்வை கேட்கப்படும் சிக்கல் வராது. பவர் பேங்க், உதிரி பேட்டரி எல்லாம் கைப்பையில்தான் இருக்க வேண்டும். 100 வாட்-மணி வரை பொதுவான வரம்பு. 20,000 மில்லி ஆம்பியர்-மணி பவர் பேங்க் ஒன்று ஏறத்தாழ 74 வாட்-மணி என்பதால் கவலை இல்லை.

படி 5: கேமரா அமைப்பு

நொடிக்கு 25 சட்டகம், ஷட்டர் 1/50. இந்தியாவிலும் மலேசியாவிலும் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ்தான் என்பதால் இந்த அளவில் குழல்விளக்கு மினுமினுக்காது. வெயிலில் கைபேசிக்கு முன்னால் வெளிச்சத்தைக் குறைக்கும் கறுப்புக் கண்ணாடியான என்.டி. ஃபில்டர் மாட்டுங்கள். வெள்ளைச் சமநிலையை (ஒயிட் பேலன்ஸ்) ஒவ்வோர் இடத்திலும் பூட்டுங்கள்.

படி 6: ஒலி

என்னைக் கேட்டால் இந்தப் படத்தின் உயிரே இதில்தான் இருக்கிறது. தனியாகப் போகிறவர் அதிகம் பேசுவதில்லை. அவருக்குப் பதிலாகச் சுற்றியிருக்கும் இடம் பேச வேண்டும். சட்டைக்குள் குத்தும் ஒரு கம்பியில்லா மைக்கும், ரோமக் காற்றுத்தடுப்பு போட்ட ஒரு சிறிய ஒலிப்பதிவுக் கருவியும் போதும். 32-பிட் ஃப்ளோட் முறையில் பதியும் கருவி கிடைத்தால் அதை எடுங்கள். திடீரென்று சத்தம் கூடினாலும் ஒலி சிதையாது.

எந்த இடத்தில் எடுத்தாலும் கிளம்பும் முன் யாரும் பேசாமல், அசையாமல் ஒரு நிமிடம் அந்த இடத்தின் ஒலியை மட்டும் பதியுங்கள். பட்டறை, வீட்டுச் சமையலறை, ஏற்காட்டுப் பஸ், பினாங்கின் ஜார்ஜ் டவுன் நகரப் படகுத்துறை என எல்லாவற்றுக்கும் இது பொருந்தும். பினாங்கு அறையின் அமைதிக்குள் பட்டறையின் தட்டல் ஒலியை மெல்ல நுழைக்கும்போது அந்த ஒரு நிமிடத்தின் மதிப்பு தெரியும். அம்மாவின் தொலைபேசிக் குரலை உண்மையான அழைப்பிலேயே பதியுங்கள், நடிப்பவர் அதைக் காதில் கேட்டபடி பதில் சொல்லட்டும். பின்னால் டப்பிங்கில் அந்தத் தயக்கத்தைக் கொண்டுவருவது மிகக் கடினம்.

பினாங்கின் லிட்டில் இந்தியா பகுதியில் கடைகள் திரைப்பாடல்களை உரக்க ஒலிக்க விடும். வசனத்துக்குப் பின்னால் பாடல் ஓடினால் வெட்டவும் முடியாது, உரிமைச் சிக்கலும் வரும். அங்கே காட்சியை மட்டும் எடுத்துவிட்டு, பேச்சைப் பக்கத்துச் சந்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

படி 7: அங்கே போன பிறகு

நடிப்பவரும் கேமரா பிடிப்பவரும் போதும். முதல் நாள் ஒன்றும் எடுக்க வேண்டாம், நடந்து பாருங்கள். 2008-இல் யுனெஸ்கோ உலக மரபுரிமைப் பட்டியலில் சேர்ந்த ஜார்ஜ் டவுனில், பழைய கடைவீடுகளின் முன்னால் கூரையிட்ட நடைபாதை நீண்டுகொண்டே போகும். வெயிலிலும் மழையிலும் அங்கே வெளிச்சம் மென்மையாகவே இருக்கும். தெருவின் எதிர்ப்பக்கம் கேமராவை வைத்து, தூண்களுக்கு இடையே அவள் மறைந்து மறைந்து வருவதை வெட்டாமல் எடுங்கள். உடைகள் மூன்றே போதும், பை ஒன்றே இருக்கட்டும். காட்சி வரிசையைப் பிறகு மாற்றும்போது இது உதவும்.

நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் பதிந்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி. ஒவ்வோர் இரவும் இரண்டு வட்டுகளில் நகல் எடுத்து, இருவரும் ஆளுக்கொன்றாக வைத்துக்கொள்ளுங்கள்.

படி 8: தொகுப்பும் சான்றிதழும்

கையிலிருக்கும் பணத்தில் ஐந்தில் ஒரு பங்கை ஒலிக்கலவைக்கும் தொகுப்புக்கும் எடுத்து வைக்காமல் விமான டிக்கெட் வாங்காதீர்கள். டாவின்சி ரிசால்வ் மென்பொருளின் இலவசப் பதிப்பே தொகுப்பு, வண்ணம், ஒலி மூன்றுக்கும் போதும்.

சேலத்தில் ஒரு திரையரங்கில் பொதுமக்களுக்குக் காட்ட வேண்டுமானால் 1952 திரைப்படச் சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் தேவை. விழாக்களுக்கு அனுப்புவதாக இருந்தால் குறும்படத்துக்கு அவர்கள் வைத்திருக்கும் நேர வரம்பைப் பாருங்கள். 40 நிமிடம் என்பது பல இடங்களில் மேல்வரம்பு. பட்டறை முதலாளி முதல் ஜார்ஜ் டவுனில் முகம் காட்டியவர்கள் வரை கையெழுத்திட்ட ஒப்புதல் கடிதங்களையும், இசைக்கான உரிமைத் தாள்களையும், படப்பிடிப்பு அனுமதிகளையும் ஒரே கோப்பில் சேர்த்து வையுங்கள். விண்ணப்பிக்கும் நாளில் தேட வேண்டியிருக்காது.