யூனிவர்சிட்டில டெம்பரரி ஸ்டாஃபா இருக்கீங்களா? நிரந்தரம் கேட்டு கேஸ் போடுறதுக்கு முன்னாடி பேப்பரை சேருங்க

சென்னைல ஒரு அரசு பல்கலைக்கழகத்துல எக்ஸாம் செக்‌ஷன்ல ஒன்பது வருஷம் தொகுப்பூதியத்துல இருந்தேன். ஒரு திங்கட்கிழமை காலைல கேட்லயே ஐடி கார்டை வாங்கிட்டாங்க, உள்ள என் டிராயர்ல இருந்த ஆர்டர் காப்பி எல்லாம் அங்கேயே மாட்டிக்கிச்சு. பாரிமுனைல வக்கீல் ஆபீஸ்ல போய் உக்காந்தா அவர் கேட்ட முதல் கேள்வியே "அப்பாயின்ட்மென்ட் ஆர்டர் எங்கம்மா?"ன்னுதான், என் கைல இருந்தது பேங்க் பாஸ்புக் மட்டும். அதனால வேலைல இருக்கும்போதே எல்லாத்தையும் ஜெராக்ஸ் எடுத்து வீட்ல வைங்க.

முதல்ல சேர்ந்தப்போ கொடுத்த ஆர்டர், அப்புறம் வந்த நீட்டிப்பு ஆர்டர் ஒண்ணு விடாம, சம்பளம் ஏறின பேங்க் ஸ்டேட்மென்ட், பிஎஃப் பாஸ்புக், டியூட்டி போட்ட சர்க்குலர். நீட்டிப்பு ஆர்டர்ல தேதியை உத்துப் பாருங்க. என்னோடதுல ஜூன் 30ல முடியும், அடுத்தது ஜூலை 2ல ஆரம்பிக்கும், நடுவுல ஒரு நாள் 'ப்ரேக்'. ஆனா அந்த ஜூலை 1 அன்னிக்கும் நான் உக்காந்து ஹால் டிக்கெட் பண்டல் கட்டி அனுப்பிட்டுதான் இருந்தேன், டெஸ்பாட்ச் ரெஜிஸ்டர்ல என் கையெழுத்து இருக்கு. அந்த மாதிரி ஒரு பக்கம் கைல இருந்தா ப்ரேக் வெறும் பேப்பர்ல போட்டதுன்னு காட்டிடலாம்.

கைல இல்லாததுக்கு ஆர்டிஐ, அதாவது தகவல் அறியும் உரிமைச் சட்டத்துல மனு போடுங்க. 10 ரூபா கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி பொதுத் தகவல் அலுவலருக்கு அனுப்பணும், 30 நாள்ல பதில் தரணும், தரலைன்னா அடுத்த 30 நாளுக்குள்ள முதல் மேல்முறையீடு. "எங்களை ஏன் நிரந்தரம் பண்ணல"ன்னு கேக்காதீங்க, அதுக்கு உருப்படியா பதில் வராது. உங்க செக்‌ஷன்ல அனுமதிக்கப்பட்ட பணியிடம் எத்தனை, காலி எத்தனை, உங்களை எடுத்த சிண்டிகேட் (பல்கலைக்கழக ஆட்சிக்குழு) தீர்மானம், அப்போ விளம்பரம் போட்டாங்களா இல்ல வேலைவாய்ப்பு அலுவலகத்துல பட்டியல் வாங்கினாங்களா, இனச்சுழற்சி (இடஒதுக்கீட்டு வரிசை) பார்த்தாங்களா, இதையெல்லாம் நகலா கேளுங்க.

இதை ஏன் இவ்வளவு அழுத்தி சொல்றேன்னா, 2006ல உமாதேவி வழக்குல சுப்ரீம் கோர்ட்டோட அஞ்சு நீதிபதி அமர்வு, எத்தனை வருஷம் வேலை பார்த்தாலும் அதை வச்சு மட்டும் நிரந்தரம் கேக்க முடியாதுன்னு சொல்லிடுச்சு. அனுமதிக்கப்பட்ட காலியிடத்துல, தகுதியோட, நடைமுறைல சின்ன குறையோட வந்து, கோர்ட் ஆர்டர் பலத்துல இல்லாம பத்து வருஷம் முடிச்சவங்களுக்கு மட்டும் ஒரு தடவை வழி விட்டுச்சு. நம்ம ஊர்லயும் அதே 2006 பிப்ரவரில அரசாணை 22 வந்துச்சு, 1.1.2006ல பத்து வருஷம் முடிச்ச தினக்கூலிகளுக்கு. அது அரசுத் துறைகளுக்கு போட்டது, உங்க சிண்டிகேட் அதை ஏத்துக்கிச்சான்னு தனியா பாருங்க. ஆக நீங்க எப்படி உள்ள வந்தீங்க, எந்த போஸ்ட்ல உக்காந்தீங்க, கேஸ் இந்த ரெண்டுலதான் நிக்கும்.

எதிர்தரப்பு கண்டிப்பா உமாதேவியை தூக்கிட்டு வருவாங்க, பயந்துடாதீங்க. 2024 டிசம்பர்ல ஜக்கோ வழக்குல, வருஷக்கணக்கா நிரந்தர வேலையை டெம்பரரி ஆளை வச்சு வாங்கிட்டு அப்புறம் உமாதேவியை காட்டி துரத்துறது தப்புன்னு சுப்ரீம் கோர்ட்டே சொல்லியிருக்கு. அதுல ஜெயிச்சவங்க மத்திய நீர் ஆணைய ஆபீஸ்ல பெருக்கித் துடைக்கிறது, தோட்ட வேலைன்னு பார்த்தவங்க.

நிரந்தரம் கிடைக்க வழி இல்லாதவங்களும் வெறுங்கையோட திரும்ப வேண்டியதில்லை. எனக்கே பத்து வருஷம் நிரம்பல, அதனால சம வேலைக்கு சம ஊதியமும் சேர்த்து கேட்டோம், அதுக்கு ஆதாரம் சுப்ரீம் கோர்ட்டோட ஜக்ஜித் சிங் வழக்கு, 2016. குறைஞ்ச சம்பளத்துக்கு யாரும் ஆசைப்பட்டு வரமாட்டாங்க, குடும்பத்துக்காகத்தான் வர்றாங்கன்னு அதுல சொன்னதை வக்கீல் படிச்சு காட்டினப்போ எனக்கு கண்ணு கலங்கிடுச்சு. 2025 ஆகஸ்ட்ல குஜராத் ஒப்பந்த உதவிப் பேராசிரியர்களுக்கும் சம ஊதியம் இதே வழிலதான் கிடைச்சுது. கௌரவ விரிவுரையாளர்னா 2022 மனீஷ் குப்தா வழக்கை குறிச்சு வைங்க: ஒரு டெம்பரரி ஆளை எடுத்துட்டு இன்னொரு டெம்பரரி ஆளை போடக்கூடாது, ரெகுலரா தேர்வானவங்க வந்தாதான் நீங்க இடம் விடணும். உங்க இடத்துக்கு புது விளம்பரம் வந்த வாரமே கோர்ட்டுக்கு கிளம்பிடுங்க.

கோர்ட்டுக்கு போறதுக்கு முன்னாடி பல்கலைக்கழகப் பதிவாளருக்கு ஒரு மனு. தபால் செக்‌ஷன்ல நேர்ல கொடுத்து உங்க காப்பில சீல், தேதி, கையெழுத்து வாங்குங்க, கூடவே ஸ்பீட் போஸ்ட்லயும் அனுப்புங்க. நியாயமான அவகாசம் கொடுத்தும் பதில் இல்லன்னா ஹைகோர்ட்ல அரசியலமைப்புச் சட்டப் பிரிவு 226ல ரிட் மனு. ரிட்டுக்கு இத்தனை நாள்னு கெடு கிடையாதுன்னு நம்பி உக்காந்துடாதீங்க, தாமதத்தை காரணம் காட்டியே தள்ளுபடி பண்ண முடியும். உங்க நீட்டிப்பு ஆர்டர் முடியுறதுக்கு முன்னாடியே போனா இடைக்கால உத்தரவு கேக்கலாம், ஆனா அந்த உத்தரவுல ஓடுற வருஷம் உமாதேவி சொன்ன பத்து வருஷக் கணக்குல சேராது, இதை வக்கீல்கிட்ட முதல்லயே பேசிடுங்க. லேபர் கோர்ட் வழி டீச்சிங் ஸ்டாஃபுக்கு இல்ல, மத்தவங்க கேட்டுப் பாருங்க. பெண்கள், எஸ்சி எஸ்டி எல்லாருக்கும் வருமானம் பார்க்காம இலவச சட்ட உதவி உண்டு, 15100க்கு போன் பண்ணுங்க, எனக்கு வக்கீல் கிடைச்சது அப்படித்தான்.

இடைல ஏஜென்சிக்கு மாத்துறோம், நிரந்தரம் கேக்க மாட்டேன்னு எழுதிக்கொடுன்னு பேப்பர் நீட்டினா அங்கேயே கையெழுத்து போடாதீங்க, ஒரு காப்பி வாங்கி வக்கீல்கிட்ட காட்டிட்டு போடுங்க.

டெஸ்பாட்ச் ரெஜிஸ்டரோட அந்த ஜூலை 1 பக்கம் எனக்கு ஆர்டிஐல மேல்முறையீடு போட்டப்புறம்தான் கிடைச்சுது, நகலுக்கு 2 ரூபா கட்டினேன். இப்போ கோர்ட்ல கொடுக்குற டைப் செட்ல (ஆவணத் தொகுப்புல) முதல் ஆவணமா அதைத்தான் வச்சிருக்கோம்.