நிலைக் குறியீடும் கேச்சும்: பழைய கோப்பு எங்கிருந்து வருகிறது?

இணையப் பக்கத்தின் தோற்றத்தைத் தீர்மானிக்கும் சிஎஸ்எஸ் கோப்பில் ஒரு நிறத்தை மாற்றிச் சர்வரில் ஏற்றிய பிறகும் திரையில் பழைய நிறமே தெரிந்தால், கோப்பு சரியாக ஏறவில்லை என்று எண்ணி மீண்டும் மீண்டும் ஏற்றிக்கொண்டிருக்க வேண்டாம். அந்தக் கோப்புக்காக உலாவி சர்வரிடம் சென்றதா என்பதையே முதலில் பார்க்க வேண்டும்.

குரோம் உலாவியில் அந்தப் பக்கத்தைத் திறந்து எஃப்12 விசையை அழுத்துங்கள். நெட்வொர்க் தாவலுக்குச் சென்று பக்கத்தை மறுபடி ஏற்றினால், கோப்புக்கு ஒரு வரியாகப் பட்டியல் வரும். ஸ்டேட்டஸ் என்ற பத்தியில் உள்ள மூன்று இலக்க எண்ணே நிலைக் குறியீடு. 2-இல் தொடங்கினால் கோரிக்கை நிறைவேறியது. 4 என்றால் கோரிக்கையில் பிழை, 5 என்றால் சர்வரில் பிழை. 3-இல் தொடங்குபவை பெரும்பாலும் வேறு முகவரிக்கு அனுப்புபவை. 304 மட்டும் தனி ரகம்.

அடுத்து, அதே வரியில் சைஸ் பத்தியையும் படியுங்கள். புதியவர்கள் தவறவிடும் இடம் இதுதான். 200 என்று இருந்தாலும், சைஸ் பத்தியில் டிஸ்க் கேச் அல்லது மெமரி கேச் என்று இருந்தால், உலாவி சர்வரிடம் கேட்கவே இல்லை. முன்பே தன்னிடம் சேமித்து வைத்திருந்த நகலையே, அதாவது கேச்சில் இருந்ததையே காட்டியிருக்கிறது.

304 வந்தால் கதை வேறு. முதல்முறை கோப்பை அனுப்பும்போதே சர்வர் ஈடேக் என்ற ஓர் அடையாளத்தையும் சேர்த்து அனுப்பியிருக்கும். நகலின் காலம் முடிந்ததும் உலாவி அந்த அடையாளத்தை இஃப்-நன்-மேட்ச் என்ற தலைப்பில் (ஹெடர்: கோரிக்கையுடனோ பதிலுடனோ செல்லும் குறிப்பு வரி) வைத்துத் திருப்பி அனுப்புகிறது; கோப்பு மாறவில்லையென்றால் சர்வர் உள்ளடக்கம் ஏதுமின்றி 304 என்று மட்டும் பதிலளிக்கிறது.

நகலின் காலத்தை முடிவு செய்வது கேச்-கன்ட்ரோல் தலைப்பு. நெட்வொர்க் பட்டியலில் அந்தக் கோப்பின் வரியைச் சொடுக்கி, ரெஸ்பான்ஸ் ஹெடர்ஸ் பகுதியில் அதைக் காணலாம். அதில் மேக்ஸ்-ஏஜ் 3600 (விநாடிகள்) என்றால் ஒரு மணி நேரம் கேட்காமலே நகலைப் பயன்படுத்தலாம் என்று பொருள். நோ-கேச் என்ற பெயர் பலரையும் குழப்புகிறது: அது சேமிப்பதைத் தடுப்பதில்லை, ஒவ்வொரு முறையும் சர்வரிடம் கேட்டு உறுதிசெய்த பிறகே பயன்படுத்தச் சொல்கிறது. சேமிக்கவே கூடாது என்றால் நோ-ஸ்டோர் வேண்டும்.

கன்ட்ரோல், ஷிஃப்ட், ஆர் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் உங்கள் திரையில் புதிய நிறம் வந்துவிடும். ஆனால் வாசகர்களின் உலாவிகளில் பழைய நகல் அப்படியே இருக்கும். ஆகவே, மாற்றும்போதெல்லாம் கோப்பின் பெயரிலேயே பதிப்பு எண்ணைச் சேர்த்து, மேக்ஸ்-ஏஜை 31536000 விநாடிகள், அதாவது ஓராண்டு என்று வைப்பதே என் பரிந்துரை. அந்தப் பெயரைச் சுட்டும் எச்டிஎம்எல் பக்கத்துக்கு மட்டும் நோ-கேச் போதும்.

முகவரி மாற்றத்தைச் சோதிக்கும்போது 301-க்குப் பதில், தற்காலிக மாற்றத்தைக் குறிக்கும் 302-ஐப் பயன்படுத்துங்கள். 301 நிரந்தர மாற்றம் என்பதால் உலாவி அதை நினைவில் வைத்துக்கொள்ளும். சர்வரில் நீங்கள் திருத்திய பிறகும் பழைய முகவரிக்குச் செல்பவரை அது தவறான இடத்துக்கே அனுப்பிக்கொண்டிருக்கக்கூடும்.