வேலூரிலிருந்து ஜவ்வாது மலைக்கு: இரண்டு இரவு, ஒரு துணிப்பை

தீபாவளிக்கு முந்தைய ஒரு மாதம் என் தையல் கடையில் விளக்கு அணைய நள்ளிரவாகும். கடைசி ரவிக்கைக்குக் கொக்கி வைத்துக் கொடுத்த பிறகு முதுகு நிமிராது. அப்போது ஏங்குவது ஒன்றுக்குத்தான்: தரையைப் பார்த்து அல்லாமல் தூரத்தைப் பார்த்து நடக்க வேண்டும். ஆறு ஆண்டுகளாக நானும் என் அண்ணியும் மழைக்காலம் ஓய்ந்ததும் ஜவ்வாது மலைக்குப் போய் இரண்டு இரவு தங்கி, ஊர் ஊராக நடந்துவிட்டு வருகிறோம். மலை ஊர்களைப் பார்க்க ஊட்டி வரை போக வேண்டும், கையில் நிறையப் பணம் வேண்டும் என்று நினைத்திருக்கும் வேலூர்ப் பெண்களுக்காக இதை எழுதுகிறேன். ஆண்களும் படிக்கலாம், வழி ஒன்றுதான்.

முதலில் நாள் பார்ப்பது. வெள்ளிக்கிழமை விடியற்காலை கிளம்பி ஞாயிறு மாலை திரும்புவது எங்கள் கணக்கு. அந்தச் சனிக்கிழமை அமாவாசைக்கு முன்னும் பின்னும் மூன்று நாலு நாளுக்குள் இருக்க வேண்டும். இதற்கு இரண்டு காரணங்கள். பௌர்ணமி என்றால் வேலூரிலிருந்து போளூர் வழியாகப் போகும் பேருந்துகளில் திருவண்ணாமலை கிரிவலக் கூட்டம் நிரம்பி வழியும். நிற்கக்கூட இடம் கிடைக்காது. இன்னொரு காரணம் காவலூர் வானம்: அங்கே வான் ஆய்வகம் இருக்கிறது, நிலா வெளிச்சம் இல்லாத இரவில்தான் வானம் நன்றாகத் தெரியும். அதற்குப் பிறகு வருகிறேன்.

மாதம் என்று கேட்டால், கார்த்திகை தீபம் முடிந்ததிலிருந்து தை மாதக் கடைசி வரை. அதற்கு முன் வடகிழக்குப் பருவமழை, பாதையெல்லாம் சேறு. மாசி, பங்குனி வேண்டவே வேண்டாம். சருகு காய்ந்து காட்டுத்தீ பிடிக்கும் காலம் அது. தேனி மாவட்டம் குரங்கணியில் 2018 மார்ச்சில் மலையேறப் போன 23 பேர் தீயில் மாண்டது பங்குனி பிறப்பதற்குச் சில நாட்களுக்கு முன்புதான். அதற்குப் பிறகு தமிழ்நாட்டில் மலையேற்றத்துக்கு விதிமுறைகள் வந்தன. காப்புக்காட்டுக்குள் அனுமதி இல்லாமல் கால் வைப்பது குற்றம். காட்டுப் பாதையில்தான் நடக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறவர்கள், வனத்துறை 2024இல் தொடங்கிய ட்ரெக் தமிழ்நாடு திட்டத்தில் பதிவு செய்து, வழிகாட்டியோடு போகட்டும். நான் சொல்லும் நடை அதுவல்ல. ஊரையும் ஊரையும் இணைக்கும் தார்ச்சாலை, மண்சாலை, கழனி வரப்பு. அதற்கு எங்களை இதுவரை யாரும் தடுத்ததில்லை, வழிகாட்டியும் தேவைப்பட்டதில்லை. மலையை உள்ளபடி பார்க்க இதுவே நல்ல வழி என்பது என் முடிவு.

பையைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல ஆசை. என் தொழில் அது. கடைகளில் விற்கும் மலையேற்றப் பை எதுவும் வேண்டாம். பழைய ஜீன்ஸ் கால்சட்டை இரண்டு எடுத்துப் பிரித்து, பையாகத் தைத்துக்கொள்ளுங்கள். தோள்பட்டி மூன்று விரல் அகலத்துக்குக் குறையக் கூடாது. குறைந்தால் ஒரு மணி நேரத்தில் தோளை அறுக்கும். பட்டி பையோடு சேரும் இடத்தில் ஒற்றைத் தையல் போதாது, சதுரமாக ஓட்டி அதற்குள் பெருக்கல் குறி போல இரண்டு தையல் போடுங்கள். முதுகுப் பக்கம் பழைய போர்வைத் துண்டு ஒன்றை உள்ளே வைத்துத் தைத்தால் தண்ணீர்ப் பாட்டில் குத்தாது. பணத்துக்குப் பையில் இடமே வைக்காதீர்கள். சுடிதாரின் உள்பக்கம் இடுப்பருகே ஒரு சின்னப் பாக்கெட். எல்லாம் அடுக்கிய பிறகு நாலு கிலோவுக்குமேல் இருந்தால் எதையாவது எடுத்து வெளியே வையுங்கள். இரண்டு செட் பருத்தி உடை, ஒரு போர்வை, ஸ்வெட்டர், டார்ச், ஒரு லிட்டர் பாட்டில் இரண்டு, உப்புச் சர்க்கரைக் கரைசல் பொட்டலம், பிளாஸ்டர், வறுத்த வேர்க்கடலையும் வெல்லமும். காலுக்குப் பழகிய கேன்வாஸ் ஷூ போதும். புதுச் செருப்பைப் போட்டுக்கொண்டு வராதீர்கள். முதல் ஆண்டு அண்ணி அப்படி வந்து, இரண்டாம் நாள் முழுக்கக் குதிகாலில் துணி சுற்றி நடந்தார்.

ஜமுனாமரத்தூர்தான் மலைமேல் உள்ள பெரிய ஊர். வேலூரிலிருந்து கண்ணமங்கலம் வழியாகப் போளூர், அங்கிருந்து மலைப் பேருந்து. காட்பாடி விழுப்புரம் ரயில் பாதையிலும் போளூர் இருக்கிறது; நேரம் ஒத்துவந்தால் ரயில் மலிவு. மலைப் பேருந்துகள் குறைவு. காலை பத்து மணிக்குள் போளூரில் இருக்கும்படி கிளம்புங்கள். இறங்கியதும் செய்ய வேண்டிய முதல் வேலை, திரும்பிப் போகும் பேருந்துகளின் நேரத்தை நடத்துநரிடமும் ஒரு டீக்கடைக்காரரிடமும் தனித்தனியாகக் கேட்டுக் குறித்துக்கொள்வது. இரண்டும் ஒத்துப்போனால் நம்பலாம். ஒருமுறை ஒருவர் சொன்னதை மட்டும் நம்பிச் சாலையோரம் இருட்டும்வரை நின்றோம். பால்வண்டிக்காரர் ஒருவர் இரக்கப்பட்டு ஏற்றிக்கொண்டார். மலையில் கரடி உண்டு. மாலை ஐந்துக்குப் பிறகு நடக்கவே கூடாது.

ஜமுனாமரத்தூரில் சிறிய விடுதிகள் இருக்கின்றன. அறை எடுக்கும்முன் கழிப்பறையில் தண்ணீர் வருகிறதா, கதவுக்கு உள்தாழ்ப்பாள் இருக்கிறதா என்று நீங்களே பாருங்கள். வெள்ளி மதியம் பையை அறையில் வைத்துவிட்டு வெறுங்கையோடு கோமுட்டேரி வரை நடந்து வாருங்கள், கால் பழகிக்கொள்ளும். பீமன் அருவிக்கும் போகலாம். மழை முடிந்த மாதம் என்பதால் தண்ணீர் இருக்கும். பாறை வழுக்கும், ஓரத்தில் நின்று பார்ப்பதோடு சரி.

சனிக்கிழமைதான் நீண்ட நடை. ஆறரைக்குக் கிளம்பினால் பனி மூட்டம் பள்ளங்களில் படுத்திருக்கும். காவலூர்ப் பக்கம் போகும் சாலையைப் பிடித்து, வழியில் கிளை பிரியும் ஊர்களுக்குள் போய்ப் போய்த் திரும்புங்கள். எத்தனை கிலோமீட்டர் என்று எண்ண வேண்டாம். களைத்தால் கைகாட்டிப் பேருந்தில் ஏறிக்கொள்ளலாம்.

இனி நான் இந்த மலைக்கு வருவதற்கான காரணம். சரிவில் தெரியும் மேட்டுக் கொல்லைகளில் விளைவது சாமை. வானத்து மழையை மட்டும் நம்பி விதைப்பது. நாம் போகும்போது அறுவடை முடிந்து தாள்தான் நிற்கும். கண்ணைக் கீழே, ஓடை ஓடும் பள்ளத்துக்கு இறக்குங்கள். அங்கே நெல் கழனிகள் படிப்படியாக இறங்கும். சில கழனிகள் ஒரு வீட்டு வாசல் அளவுதான். பாவாடையின் அடியில் வரிசையாக மடிப்பு வைத்துத் தைத்தது போல, மேட்டின் வளைவுக்கு வளைந்து வளைந்து வரப்புகள். ஓடைத் தண்ணீரைத் தலைமாட்டில் மறித்து மேல் கழனிக்குத் திருப்புகிறார்கள். அது நிறைந்ததும் வரப்பில் வெட்டிய மடை வழியாக அடுத்த கழனிக்கு இறங்குகிறது, அங்கிருந்து அடுத்தது. மேலே இருப்பவர் மடையை அடைத்தால் கீழே இருப்பவருக்குப் பயிர் இல்லை. அதனால் தண்ணீர் முறை ஊர்ப் பேச்சில் முடிவாகிற காரியம். இவ்வளவு சின்னக் கழனியில் டிராக்டர் திரும்ப முடியாது. ஏரும் மாடும்தான் பல இடங்களில்.

இதைத் தெரிந்துகொண்டு நடந்தால் எங்கே கால் வைக்கக் கூடாது என்று தானாகப் புரியும். ஈரமாக மண் பூசிய புது வரப்பில் ஏறாதீர்கள். மடையைத் தாண்டுங்கள், மிதிக்காதீர்கள். ஒரு மடை கரைந்தால் இரவோடு இரவாக மேல் கழனித் தண்ணீர் முழுவதும் வடிந்துவிடும். எதிரே தலைச்சுமையோடு யாராவது வந்தால் நீங்கள்தான் இறங்கி ஒதுங்க வேண்டும். நெல் நிற்கும் கழனிக்குள் படம் எடுக்க இறங்குகிறவர்களைப் பார்க்கும்போது எனக்கு நெஞ்சு பதறும். ஒருவர் தைத்து வைத்த துணியைக் காலால் மிதிப்பது போன்றது அது.

இங்கே வாழ்கிறவர்கள் மலையாளிப் பழங்குடி மக்கள். கேரளத்துக்கும் இந்தப் பெயருக்கும் தொடர்பில்லை; தமிழ்தான் பேசுகிறார்கள். முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து மலையேறி வந்தவர்கள் என்று அவர்களே கதை சொல்கிறார்கள். முதல் ஆண்டு ஓர் ஊரில் யாரும் எங்களிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. வருத்தமாக இருந்தது. பிறகுதான் புரிந்தது. செம்மரம் வெட்ட ஆள் சேர்க்கும் தரகர்கள் வெளியூரிலிருந்துதான் வருகிறார்கள். 2015 ஏப்ரலில் ஆந்திரத்தின் சேஷாசலம் காட்டில், செம்மரம் வெட்ட வந்ததாகச் சொல்லிக் காவல்துறை சுட்டுக் கொன்ற 20 பேரில் பலர் இந்த மலையையும் அடிவாரத்தையும் சேர்ந்தவர்கள். அப்படி ஒரு துயரம் கண்ட ஊர், முகம் தெரியாதவர்களை ஏன் உடனே நம்ப வேண்டும்? ஆகவே நீங்களாக முந்திக்கொண்டு யார், எங்கிருந்து, எதற்கு என்று சொல்லிவிடுங்கள்.

திண்ணையில் உட்கார்ந்திருந்த ஓர் ஆயா எங்களை நிறுத்திக் கேட்டார்.

“யார் வீட்டுக்கு வந்தீர்கள்?”

“யார் வீட்டுக்கும் இல்லை, ஆயா. வேலூரில் தையல் கடை வைத்திருக்கிறேன். இவர் என் அண்ணி. கழனி பார்த்துக்கொண்டே காவலூர் வரை நடக்கிறோம்.”

“தையல்காரியா? அப்படியானால் உட்கார்.”

உள்ளே போய்ப் பேத்தியின் பள்ளிச் சீருடையைக் கொண்டுவந்தார். பக்கத் தையல் விட்டிருந்தது. பையில் எப்போதும் ஊசி நூல் வைத்திருப்பேன். கால் மணி நேரத்தில் கெட்டித் தையல் போட்டுக் கொடுத்தேன். கேழ்வரகுக் களியும் கீரைக் கடைசலும் வந்தன. பணம் நீட்டியபோது அவர் முகம் மாறியது. நான் தவறு செய்துவிட்டேன் என்று அப்போதே தெரிந்தது. இப்போதெல்லாம் வீட்டுக்காரர் கொடுப்பதற்குப் பணம் கொடுப்பதில்லை. புளியோ தேனோ சாமையோ அந்த வீட்டில் விற்பதற்கு இருந்தால் கேட்ட விலைக்கு வாங்கிக்கொள்கிறேன். பேரம் பேசுவதே இல்லை. வேலூர்க் கடையில் அதே பொருளுக்குப் பேசாமல் கூடுதலாகக் கொடுக்கிறோம் அல்லவா? உங்களுக்குத் தெரிந்த தொழில் எதுவோ, அதற்கான ஒரு சின்னக் கருவியைப் பையில் வைத்துக்கொள்ளுங்கள். பெண்கள் கழிப்பறைக்குத் தயங்காமல் வீடுகளில் கேளுங்கள், மறுத்தவர் ஒருவரும் இல்லை.

வழியில் யாராவது குள்ளர் வீடு என்று மலைமேல் கைகாட்டுவார்கள். பலகைக் கற்களை நிறுத்தி மேலே ஒரு கல் மூடிய கல்திட்டைகள், பெருங்கற்கால மக்கள் இறந்தவர்களுக்கு எழுப்பியவை. ஊர்க்காரர் யாராவது கூட வந்தால் மட்டும் போய்ப் பாருங்கள். கல்லில் ஏறி நிற்காதீர்கள்.

மாலையில் காவலூர். 725 மீட்டர் உயரத்தில், நகர வெளிச்சம் எட்டாத இடத்தில் வைணு பாப்பு வான் ஆய்வகம் இருக்கிறது. இங்கே உள்ள 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986இல் தொடங்கி வைக்கப்பட்டது. நம் நாட்டிலேயே உருவாக்கியது. இந்த இடம் பூமத்தியரேகைக்கு அருகே இருப்பதால் வடவானத்தோடு தென்வானத்தின் பெரும்பகுதியும் தெரியும். சனிக்கிழமை மாலைகளில் பார்வையாளர்களை அனுமதிப்பது வழக்கம். போகும் வாரத்தில் உண்டா என்று முன்பே உறுதிசெய்துகொள்ளுங்கள். மேகம் இருந்தால் ஒன்றும் தெரியாது, அதற்கும் மனத்தைத் தயார் செய்துகொள்ளுங்கள். தெளிந்த இரவில் சின்னத் தொலைநோக்கி வழியாக வியாழனையும் அதன் நிலவுகளையும் பார்த்துவிட்டு அண்ணி வெகுநேரம் பேசவே இல்லை. வளாகத்தில் டார்ச் அடிக்காதீர்கள். இரவு ஜமுனாமரத்தூருக்குத் திரும்பப் பேருந்தை நம்ப வேண்டாம். காலையிலேயே விடுதியில் சொல்லி ஒரு வண்டியை ஏற்பாடு செய்துவிடுங்கள்.

சென்ற முறை எங்கள் இருவருக்கும் ஆன செலவு: பேருந்து 340, அறை இரண்டு இரவுக்கு 1,400, சாப்பாடு 900, காவலூர் வண்டி 800. மொத்தம் 3,440 ரூபாய். இன்னும் இரண்டு பேர் சேர்ந்தால் வண்டிச் செலவு பாதியாகும். நாலு பேருக்குமேல் கூட்டமாகப் போக வேண்டாம் என்பேன். ஓர் ஊருக்குள் பத்துப் பேர் நுழைந்தால் அங்கே யாரோடும் பேச முடியாது. கைப்பேசி சிக்னல் பல ஊர்களில் கிடைக்காது, பத்து இருபது ரூபாய்த் தாள்களாகப் பணம் எடுத்துச் செல்லுங்கள்.

ஞாயிறு காலை வந்த வழியே திரும்பாமல் ஆலங்காயம் வழியாக வாணியம்பாடிக்கு இறங்குங்கள். மலையின் மறுபக்கத்தையும் பார்த்ததாகும். அங்கிருந்து வேலூருக்குப் பேருந்துகளுக்குக் குறைவில்லை.

கிளம்பும் முன் சாமை வாங்க மறக்காதீர்கள். வீட்டில் குத்தியது என்றால் பொடிக்கல் இருக்கும். அகலப் பாத்திரத்தில் தண்ணீர் விட்டு ஆட்டி ஆட்டி, மேலே மிதந்து வரும் சாமையை மட்டும் வேறு பாத்திரத்துக்கு வடித்தால் கல் அடியில் தங்கிவிடும். இரண்டு முறை அப்படிச் செய்யுங்கள். அரை மணி நேரம் ஊறவைத்து, ஒரு டம்ளர் சாமைக்கு இரண்டரை டம்ளர் தண்ணீர் கொதித்த பிறகு போட்டு, மூடி, சின்னத் தீயில் வையுங்கள். அவரைக்காய்க் குழம்பு இருந்தால் வேறு எதுவும் தேவையில்லை.